கலர் கிரேடிங் கற்க நான்கு வழிகள்: சுயதொழிலாக எடுத்துக்கொள்ள நினைப்பவர்களுக்கு ஓர் ஒப்பீடு

திரைப்படக் கலர் கிரேடிங்கை, அதாவது எடுத்த காட்சிகளின் நிறத்தையும் வெளிச்சத்தையும் சீராக்கி மெருகேற்றும் வேலையை, கற்றுக்கொண்டு, எந்த நிறுவனத்திலும் மாதச் சம்பளத்துக்குச் சேராமல், தனியாளாகத் தொழில் செய்ய விரும்புகிறவர்களை இப்போது அடிக்கடி சந்திக்க முடிகிறது. மதுரையிலோ கோவையிலோ திருமண வீடியோக்களை எடிட் செய்துகொண்டிருப்பவர், விஸ்காம் முடித்துவிட்டு அடுத்து என்ன என்று யோசிப்பவர், ஐடி வேலையில் இருந்துகொண்டே சினிமாவின் மீது ஒரு கண் வைத்திருப்பவர் ஆகிய மூவரும் கேட்பது ஒரே கேள்வியைத்தான். யூடியூபைப் பார்த்து நாமாகவே கற்றுக்கொள்வதா, பணம் கட்டிப் பயிற்சி வகுப்பில் சேர்வதா, சென்னையில் படங்களின் கிரேடிங்கை முடித்துத் தரும் ஏதாவது ஒரு டிஐ (டிஜிட்டல் இன்டர்மீடியேட்) ஸ்டூடியோவில் உதவியாளராகச் சேர்வதா, அல்லது முறையாகப் பட்டப்படிப்பே படித்துவிடுவதா? கேள்வி ஒன்றுதான் என்றாலும் மூவருக்கும் ஒரே விடை பொருந்தாது.

இந்த ஒப்பீட்டுக்கு அடிப்படையாக நான் வைக்கும் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தத் தொழிலில் மிக மலிவாகக் கிடைப்பது மென்பொருள் அறிவுதான். ஒரு காலத்தில் டாவின்சி என்ற கிரேடிங் இயந்திரம் ஒன்றை வாங்கப் பல லட்சம் டாலர் வேண்டியிருந்தது. 2009-இல் பிளாக்மேஜிக் டிசைன், டாவின்சி நிறுவனத்தை வாங்கிய பிறகு நிலைமை தலைகீழாக மாறிவிட்டது. இன்று டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பை எவர் வேண்டுமானாலும் இறக்கிக்கொள்ளலாம். முழுமையான ஸ்டூடியோ பதிப்பின் விலை 295 டாலர், அதையும் ஒருமுறை கட்டினால் போதும். ஆகவே எந்தப் பொத்தான் எதற்கு என்று தெரிந்திருப்பதற்காக யாரும் உங்களைத் தேடி வரப்போவதில்லை. எளிதில் கிடைக்காதவை வேறு மூன்று: நம்பத்தகுந்த திரை, உங்கள் பார்வையைத் திருத்தும் இன்னொருவரின் கண், வேலை தரும் மனிதர்களின் அறிமுகம். ஒரு வழி இந்த மூன்றையும் எந்த அளவுக்குத் தருகிறது என்பதைப் பார்த்துத்தான் அதற்குப் பணத்தையும் காலத்தையும் செலவிட வேண்டும்.

## எவற்றை வைத்து எடைபோடுவது?

எந்த வழியைத் தேர்ந்தெடுப்பதற்கும் முன்பு செய்ய வேண்டிய வேலை ஒன்று உண்டு. கண் மருத்துவரிடம் சென்று இஷிஹாரா சோதனை செய்துகொள்ளுங்கள். சிவப்பு, பச்சை நிறங்களைப் பிரித்தறிவதில் குறைபாடு இருப்பது ஆண்களிடையே அபூர்வமான விஷயம் அல்ல. தமக்கு அது இருப்பதே பலருக்குத் தெரியாது. நிறங்களுக்கு இடையிலான நுண்ணிய வேறுபாட்டை வரிசைப்படுத்திப் பார்க்கும் ஃபார்ன்ஸ்வொர்த்-மன்செல் சோதனையையும் முடிந்தால் செய்துவிடுவது நல்லது. ஆண்டுக்கணக்கில் உழைத்த பிறகு தெரிந்துகொள்வதைவிட இதை முதல் வாரத்திலேயே தெரிந்துகொள்வது எவ்வளவோ மேல்.

அடுத்து, யாருக்காக வேலை செய்யப் போகிறோம் என்பதைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். தமிழ்த் திரைப்படங்களின் டிஐ வேலை பெரும்பாலும் ஸ்டூடியோவுக்கு மொத்தமாகப் பேசித் தரப்படுகிறது. திரையரங்கு அளவிலான புரொஜெக்டர், சேமிப்பகம், டிசிபி (திரையரங்குக்கு அனுப்பும் டிஜிட்டல் பிரதி) தயாரிப்பு, கலரிஸ்ட் (கிரேடிங் செய்பவர்) எல்லாம் அந்த ஒரே தொகைக்குள் அடங்கிவிடுவதால், வீட்டில் இருந்துகொண்டு தனியாளாக ஒரு முழுநீளப் படத்தை எடுத்துச் செய்வதற்கான இடம் சிறியது. தனியாளுக்கான உண்மையான சந்தை குறும்படம், தனிப்பாடல் வீடியோ, உள்ளூர் விளம்பரம், நிறுவனப் படம், இணையத் தொடர், திருமணப் படம், ஆவணப்படம் ஆகியவற்றில்தான் இருக்கிறது. படங்களில் பெயர் வாங்கிய பிறகு தனித்து இயங்கும் கலரிஸ்டுகள் உண்டு. ஆனால் அவர்கள் ஏதாவது ஒரு ஸ்டூடியோவில் வருடக்கணக்கில் உட்கார்ந்து ஒளிப்பதிவாளர்களின் நம்பிக்கையைச் சம்பாதித்தவர்கள். இந்த வேறுபாட்டை மறைத்து, ஆறு மாதத்தில் சினிமா கலரிஸ்ட் ஆகலாம் என்று விளம்பரம் செய்கிறவர்களை நம்பிப் பணத்தைக் கட்டிவிடாதீர்கள்.

இவற்றை மனத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு வழியையும் ஐந்து கேள்விகளால் அளந்து பார்க்கலாம். சரியாக அளவுதிருத்தம் செய்த திரையில் பயிற்சி கிடைக்குமா? என் வேலையைப் பார்த்துத் தவறு எங்கே என்று சொல்ல ஆள் இருக்குமா? பலவகைக் கேமராக்களில், நல்லதும் மோசமுமாக எடுக்கப்பட்ட ஃபுட்டேஜ் கைக்கு வருமா? இயக்குநர், ஒளிப்பதிவாளர், எடிட்டர் ஆகியோரின் அறிமுகம் கிடைக்குமா? கட்டணத்தோடு, அந்தக் காலத்தில் நான் இழக்கும் வருமானத்தையும் சேர்த்தால் மொத்தம் எவ்வளவு ஆகும்?

## முதல் வழி: வீட்டிலிருந்தே சொந்தமாகக் கற்பது

இந்த வழிக்குத் தேவையான பாடப்பொருளுக்குப் பஞ்சமே இல்லை. பிளாக்மேஜிக் தன் பயிற்சி நூல்களைப் பயிற்சிக் கோப்புகளோடு சேர்த்து இலவசமாகவே தருகிறது. ஆரி, ரெட், பிளாக்மேஜிக் ஆகிய கேமரா நிறுவனங்கள் தம் கேமராவில் எடுத்த மூலக் கோப்புகளை மாதிரிக்காக இணையத்தில் வைத்திருக்கின்றன. ஆங்கிலம் புரியுமானால் மிக்ஸிங் லைட், லோவ்போஸ்ட் போன்ற சந்தாத் தளங்களில் அனுபவமுள்ள கலரிஸ்டுகளே பாடம் எடுக்கிறார்கள். நிழல், இடைநிலை, வெளிச்சப் பகுதிகளை மாற்றும் லிஃப்ட், காமா, கெயின் எவ்வாறு வேலை செய்கின்றன, ஒவ்வொரு திருத்தத்தையும் தாங்கும் நோடுகளை எந்த வரிசையில் அடுக்குவது, வெளிச்சத்தையும் நிறத்தையும் வரைபடமாகக் காட்டும் வேவ்ஃபார்மையும் வெக்டர்ஸ்கோப்பையும் எவ்வாறு படிப்பது, கேமரா வெளிறிய லாக் முறையில் பதிவு செய்த காட்சியை வழக்கமான வீடியோ தரமான ரெக் 709-க்கு எவ்வாறு கொண்டுவருவது என்பனவற்றை ஒழுங்காக உட்கார்ந்தால் மூன்று நான்கு மாதங்களில் கற்றுவிடலாம்.

குறை இருப்பது வேறு இடத்தில். பயிற்சி வீடியோக்களில் வருகிற காட்சி பெரும்பாலும் மாலை வெயிலில், விலையுயர்ந்த லென்ஸில், வெளிர்நிற முகங்களை வைத்து எடுக்கப்பட்டதாகவே இருக்கும். அதில் ஆரஞ்சும் நீலமும் சேர்த்து லுக் செய்வது சுலபம். உங்களுக்குக் கிடைக்கப்போகும் முதல் வேலையோ ஒரு கல்யாண மண்டபத்தின் முகூர்த்தக் காட்சியாக இருக்கலாம். மேடைக்குப் பின்னால் எல்இடி திரை நீலமாக எரிகிறது; முன்னால் மஞ்சள் விளக்கு; பக்கவாட்டில் மண்டபத்தின் டியூப் லைட் பச்சையைக் கக்குகிறது; ஹோமப் புகை வேறு. ஒரு கேமரா நிறப்படிகள் அதிகமுள்ள 10 பிட்டில் பதிவு செய்திருக்கிறது. இன்னொன்று சோனியின் ஏ7 III. அது 8 பிட் கேமரா என்பதை மறந்து அதில் எஸ்-லாக்3 என்ற லாக் முறையை வைத்து, வெளிச்சத்தையும் ஒரு ஸ்டாப் (அதாவது பாதியாக) குறைத்து எடுத்திருக்கிறார்கள். மணப்பெண்ணின் அரக்குச் சிவப்புப் பட்டுப்புடவையில் சிவப்புச் சேனல் முட்டி நிற்பதால் சரிகைக்கும் துணிக்கும் வேறுபாடு தெரியவில்லை. முகத்தில் உள்ள மஞ்சளைக் குறைத்தால் கழுத்து பச்சையாகிறது. நிழலைத் தூக்கினால் பின்சுவரில் பட்டை பட்டையாகக் கோடு விழுகிறது. இந்த இரண்டு கேமராக்களையும் அடுத்தடுத்த ஷாட்டில் பொருத்திக் காட்டுவதுதான் தொழில். அதை எந்தப் பயிற்சி வீடியோவும் உங்களுக்காகச் செய்து காட்டுவதில்லை. காட்டினாலும் உங்கள் விடை சரியா என்று திருத்திச் சொல்ல ஆள் இல்லை.

தோலின் நிறத்தைப் பற்றியும் ஒன்றைச் சொல்ல வேண்டும். வெக்டர்ஸ்கோப்பில் எல்லா மனிதர்களின் சருமமும் ஏறக்குறைய ஒரே கோட்டை ஒட்டியே விழும். வேறுபடுவது வெளிச்ச அளவும் நிறச்செறிவும்தான். கருத்த முகத்தை வெளுப்பாக்குவதையே கிரேடிங் என்று நினைத்துப் பழகியவர்கள், அந்த முகத்தின் செம்மையையும் மினுமினுப்பையும் கொன்று சாம்பலாக்கிவிடுகிறார்கள். நம் ஊர் முகங்களை அவற்றின் ஆழம் கெடாமல் அழகாகக் காட்டத் தெரிந்தவருக்கு இங்கே வேலை நிச்சயம் உண்டு என்று நான் உறுதியாக நம்புகிறேன். அந்தப் பயிற்சியை நீங்களேதான் தேடிப் போக வேண்டும்: நண்பர்களின் குறும்பட ஃபுட்டேஜைக் கேட்டு வாங்குங்கள், ஒரே காட்சியை மூன்று விதமாகக் கிரேடு செய்து அதன் ஒளிப்பதிவாளரிடம் காட்டுங்கள்.

இந்த வழியின் மறைமுகச் செலவு திரை. லேப்டாப்பின் திரையை நம்பிக் கிரேடு செய்வது இழுபட்ட அளவு நாடாவை வைத்துச் சட்டை தைப்பதைப் போன்றது. ரெக் 709 வேலைக்கு டி65 வெண்மை, 2.4 காமா, ஏறத்தாழ 100 நிட் (திரையின் பிரகாச அலகு) வெளிச்சம் என்ற அளவுக்குக் கொண்டுவரப்பட்ட மானிட்டரும், அதை அவ்வப்போது சரிபார்க்க ஒரு கேலிபரேஷன் புரோபும், இயங்குதளத்தின் குறுக்கீடு இல்லாமல் காட்சியை வெளியே அனுப்பும் டெக்லிங்க் அல்லது அல்ட்ராஸ்டூடியோ வகைக் கருவியும் வேண்டும். இலவசம் என்று தொடங்கிய வழி இந்த இடத்தில் செலவு வைக்கும் என்பதை முன்கூட்டியே கணக்கில் எடுத்துக்கொள்ளுங்கள்.

ஏற்கெனவே எடிட்டிங் வருமானம் உள்ளவர், திருமண, விளம்பரச் சந்தையைக் குறிவைப்பவர், வீட்டை விட்டு நகர முடியாத சூழலில் இருப்பவர் ஆகியோருக்கு இதுவே பொருத்தமான வழி.

## இரண்டாம் வழி: பணம் கட்டிக் குறுகிய காலப் பயிற்சி

சில வாரங்களில் தொடங்கிச் சில மாதங்கள் வரை நீளும் தனியார் வகுப்புகள் சென்னையிலும் இணையவழியிலும் நிறையவே நடக்கின்றன. நல்ல வகுப்பு இரண்டு காரியங்களைச் செய்யும். தனியாகப் படித்தால் பல மாதம் தடவித் தடவிக் கண்டுபிடிக்க வேண்டிய அடிப்படைகளை ஒழுங்கான வரிசையில் தரும். உங்கள் வேலையை ஒருவர் உட்கார்ந்து பார்த்துத் திருத்துவார். இரண்டாவது நடக்கவில்லையென்றால் முதலாவதற்காகப் பணம் கட்ட வேண்டிய அவசியமே இல்லை, ஏனெனில் அது இலவசமாகவே கிடைக்கிறது.

ஆகவே பணம் கட்டுவதற்கு முன் நேரில் போய்ச் சில கேள்விகளைக் கேளுங்கள். பாடம் எடுப்பவர் இப்போதும் வேலை செய்துகொண்டிருக்கும் கலரிஸ்டா, அவர் கிரேடு செய்து வெளிவந்தவற்றைப் பார்க்க முடியுமா? ஒரு மாணவருக்கு ஒரு கணினியா, மூவருக்கு ஒன்றா? வகுப்பில் உள்ள மானிட்டரை கடைசியாக எப்போது கேலிபரேட் செய்தார்கள்? கடைசிக் கேள்விக்குத் தேதியைச் சொல்லத் தெரியாத இடத்தில், அல்லது அப்படிக் கேட்டதையே புரிந்துகொள்ளாத இடத்தில், கிரேடிங் கற்றுக்கொள்ள எதுவும் இல்லை. ஒரே சொடுக்கில் காட்சியின் நிறத்தை மாற்றும் ஆயத்த லட் (LUT) கோப்புகளை அள்ளித் தருவதையே பெரிய கவர்ச்சியாகச் சொல்லும் வகுப்புகளையும் நான் பரிந்துரைக்க மாட்டேன். ஒரு லட் எந்தக் கேமராவுக்காக, எந்த வெளிச்ச அளவுக்காக உருவாக்கப்பட்டதோ அதைவிட்டு நகர்ந்தவுடன் அது காட்சியைக் கெடுக்கத் தொடங்கிவிடும்.

வகுப்புகளின் மறைமுகச் செலவு என்னவென்றால், சான்றிதழுக்குச் சந்தையில் மதிப்பு இல்லை. எந்த ஒளிப்பதிவாளரும் சான்றிதழைக் கேட்டு வேலை தருவதில்லை, செய்த வேலைகளின் தொகுப்பான ஷோரீலைத்தான் கேட்கிறார். அந்த ஷோரீலில் வகுப்பில் எல்லோருக்கும் கொடுத்த அதே காட்சிகள் இருந்தால், முன்பே அவற்றைப் பத்துப் பேரின் ரீலில் பார்த்தவர் பத்து விநாடிகளில் மூடிவிடுவார். வகுப்பு முடிந்த மறுநாள் வேலை தரும் ஆள் யார் என்ற கேள்வியும் அப்படியேதான் நிற்கும். எடிட்டிங் தெரிந்து, அடிப்படையில் தடுமாறுகிறவருக்கும், தானாக ஒழுங்குடன் படிக்க வராது என்று தன்னைத் தெரிந்துவைத்திருப்பவருக்கும் நல்ல வகுப்பு பயன்தரும். மற்றவர்கள் அதே பணத்தில் மானிட்டர் வாங்கிக்கொள்வது மேல்.

## மூன்றாம் வழி: டிஐ ஸ்டூடியோவில் உதவியாளர்

நான்கு வழிகளில் என் மனம் அதிகமாகச் சாய்வது இதன் பக்கம்தான்; அதே சமயம் அதிகமான தியாகத்தைக் கேட்பதும் இதுதான். ஃபிலிம் காலத்தில் சென்னையின் பிரசாத், ஜெமினி லேப்களில் கிரேடர்கள் இப்படித்தான் உருவானார்கள். சிவப்பு, பச்சை, நீலம் என்ற மூன்று பிரிண்டர் விளக்குகளை எத்தனை புள்ளி கூட்டுவது, குறைப்பது என்பதை மூத்தவரின் அருகில் உட்கார்ந்து, பிரிண்ட் வந்த பிறகு திரையில் பார்த்துப் பார்த்துத்தான் பழகினார்கள். கருவிகள் முற்றிலும் மாறிவிட்டாலும் கற்கும் முறை பெரிதாக மாறவில்லை.

உதவியாளரின் முதல் வேலை கிரேடிங்காக இருக்காது; கான்ஃபார்மாக இருக்கும். எடிட்டரிடமிருந்து ரீல் ரீலாக எக்ஸ்எம்எல் அல்லது இடிஎல் என்ற வெட்டுப் பட்டியல் வரும். அதைக் கொண்டு கேமராவின் மூலக் கோப்புகளை வரிசைப்படுத்தி, எடிட்டர் கொடுத்த ஆஃப்லைன் (எடிட்டின் மாதிரி) வீடியோவை மேலே போட்டு, ஷாட் ஷாட்டாக ஒப்பிட வேண்டும். வேகம் மாற்றிய ஷாட்டில் இரண்டு ஃபிரேம் தள்ளியிருக்கும். எடிட்டில் பெரிதாக்கிய ஷாட் இங்கே பழைய அளவிலேயே நிற்கும். விஎஃப்எக்ஸ் ஷாட்டின் நான்காவது வெர்ஷன் வந்த பிறகும் டைம்லைனில் மூன்றாவதே இருக்கும். இவற்றில் ஒன்றைத் தவறவிட்டால் அது திரையரங்குவரை போகும். ரிலீஸ் வெள்ளிக்கிழமை என்றால் அதற்கு முந்தைய இரவுகளில் தூக்கம் இருக்காது. தணிக்கைக்குப் பிறகு வரும் மாற்றங்களையும் செய்து, டிசிபி எடுத்து, அதை முதல் ஃபிரேமிலிருந்து கடைசிவரை பார்த்துத்தான் அனுப்ப வேண்டும்.

இந்தச் சலிப்பூட்டும் வேலையில்தான் பெரிய சொத்து இருக்கிறது. ஆரியிலிருந்து டிரோன்வரை எல்லாக் கேமராவின் கோப்புகளும் உங்கள் கையால் திறக்கப்படுகின்றன. 48 நிட் வெளிச்சத்தில், திரையரங்குக்கான பி3 நிறவெளியில், பெரிய திரையில் ஒரு காட்சி எவ்வாறு தெரிகிறது என்பதைக் கண் பழகிக்கொள்கிறது. வீட்டு மானிட்டரில் அதைக் கற்க வாய்ப்பே இல்லை. எல்லாவற்றையும்விட முக்கியமாக, ஒளிப்பதிவாளரும் கலரிஸ்டும் பேசிக்கொள்வதைப் பின் இருக்கையில் உட்கார்ந்து கேட்கிறீர்கள். "இந்த ராத்திரி இன்னும் கொஞ்சம் குளிரணும், ஆனா அவ முகத்துல சூடு போகக் கூடாது" என்று ஒருவர் சொன்னதும், இன்னொருவர் எந்தக் கருவியைத் தொடுகிறார், எதைத் தொடாமல் விடுகிறார் என்று பார்ப்பதுதான் பாடம். வார்த்தையை நிறமாக்கும் அந்தத் திறமைக்குத்தான் பிற்காலத்தில் உங்களுக்குப் பணம் தருவார்கள்.

மறைமுகச் செலவுகள் இங்கே கனமானவை. தொடக்க ஊதியம் சென்னையில் அறை எடுத்துத் தங்கிச் சாப்பிடுவதற்கே இழுபறியாக இருக்கலாம். ஒன்றிரண்டு வருடம் குடும்பம் தாங்குமா என்பதை வீட்டில் வெளிப்படையாகப் பேசிவிட்டுத்தான் இறங்க வேண்டும். நீங்கள் தொட்ட பெரிய படத்தின் காட்சிகளை அனுமதி இல்லாமல் ஷோரீலில் வைக்க முடியாது. எல்லாவற்றையும்விடப் பெரிய ஆபத்து, கான்ஃபார்மில் கெட்டிக்காரர் என்று பெயர் வாங்கி, அந்த நாற்காலியிலேயே ஐந்தாறு வருடம் உட்கார்ந்துவிடுவது. அதைத் தவிர்க்க ஒரு வழி உண்டு. சேரும்போதே, வேலை இல்லாத இரவு நேரங்களில் கிரேடிங் அறையில் உட்கார்ந்து சொந்தமாகப் பயிற்சி செய்ய அனுமதி உண்டா என்று மரியாதையாகக் கேட்டுவிடுங்கள். அதற்குச் சம்மதிக்கும் இடத்தில் சம்பளம் சற்றுக் குறைவாக இருந்தாலும் சேரலாம். அதை மறுக்கும் இடத்தில், பெயர் எவ்வளவு பெரியதாக இருந்தாலும், ஒரு வருடத்துக்குமேல் இருப்பதில் பயன் குறைவு.

## நான்காம் வழி: பட்டப்படிப்பு

தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் டிஜிட்டல் இன்டர்மீடியேட் என்ற தனிப் பிரிவே நான்காண்டுப் பட்டப்படிப்பாக உள்ளது. அரசு நிறுவனம் என்பதால் தனியார் கல்லூரிகளோடு ஒப்பிடும்போது கட்டணம் குறைவு, இடங்களும் குறைவு. பிளஸ் டூ முடித்த பதினெட்டு வயதுக்காரருக்கு, சினிமாதான் வாழ்க்கை என்று முடிவு செய்திருந்தால், இதை முதலில் முயன்று பார்க்கச் சொல்வேன். காரணம் பாடத்திட்டம் மட்டும் இல்லை. ஒளிப்பதிவும் இயக்கமும் படத்தொகுப்பும் படிக்கும் மாணவர்கள் அதே வளாகத்தில் இருக்கிறார்கள். அவர்களுடைய பயிற்சிப் படங்களை இன்று கிரேடு செய்தால், அவர்கள் பின்னால் படம் எடுக்கும்போது உங்களைத்தான் முதலில் நினைப்பார்கள்.

ஏற்கெனவே ஒரு பட்டம் வைத்திருப்பவர், இருபத்தைந்தைத் தாண்டியவர், வீட்டுக்குப் பணம் அனுப்ப வேண்டியவர் ஆகியோருக்கு நான்காண்டு என்பது மிக நீளம். தனியார் கல்லூரியில் பல லட்சம் கட்டி இதே படிப்பைப் படிக்க நினைப்பவர்கள், அந்தத் தொகையில் பாதிக்கே நல்ல மானிட்டர், கணினி, சென்னையில் இரண்டு வருட வாடகை எல்லாம் அடங்கிவிடுமா என்று ஒரு தாளில் கணக்குப் போட்டுப் பார்க்கட்டும்.

## நான்கையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்

| அளவுகோல் | சொந்தமாக | குறுகிய பயிற்சி | உதவியாளர் | பட்டப்படிப்பு |
|---|---|---|---|---|
| நம்பத்தகுந்த திரை | சொந்தச் செலவில் வாங்க வேண்டும் | இடத்துக்கு இடம் மாறும் | மிகச் சிறப்பு | வளாகத்தில் கிடைக்கும் |
| திருத்தும் கண் | நீங்களே தேட வேண்டும் | ஆசிரியரைப் பொறுத்தது | அன்றாடம் | ஆசிரியர், சக மாணவர் |
| பலவகை ஃபுட்டேஜ் | மாதிரிக் கோப்பு, நண்பர்கள் | எல்லோருக்கும் ஒன்றே | மிக அதிகம் | மாணவர் படங்கள் |
| தொழில் அறிமுகம் | மெதுவாக | மிகக் குறைவு | மிக அதிகம் | எதிர்காலத்தில் பலன் தரும் |
| இழக்கும் வருமானம் | அநேகமாக இல்லை | சில மாதங்கள் | ஓரிரு வருடம், குறைந்த ஊதியம் | நான்கு வருடம் |
| பொருந்தும் சந்தை | திருமணம், விளம்பரம், இணையம் | அதே சந்தை | திரைப்படம், இணையத் தொடர் | திரைப்படம் |

## எந்த வழியில் போனாலும் வந்து நிற்கும் செலவுகள்

சுயதொழில் என்று இறங்கியபின் எதிர்கொள்ள வேண்டிய சில செலவுகளைப் பற்றி யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை. முதலாவது சேமிப்பு. 4கே (3840 x 2160) அளவில், விநாடிக்கு 24 ஃபிரேம் கொண்ட புரோரெஸ் 422 எச்க்யூ என்ற உயர்தர வீடியோ கோப்பு ஒரு மணி நேரத்துக்கு 318 ஜிபி அளவில் இடம் பிடிக்கும். கேமராவின் ரா கோப்புகள் பல சமயம் அதையும் மிஞ்சும். வாடிக்கையாளர் ஆறு மாதம் கழித்து வந்து ஒரு ஷாட்டை மாற்றச் சொல்வார் என்பதால் உடனே அழித்துவிடவும் முடியாது. எத்தனை நாள் கோப்புகளை வைத்திருப்பீர்கள் என்பதைத் தொடக்கத்திலேயே எழுத்தில் கொடுத்துவிடுங்கள்.

இரண்டாவது, ரிசால்வின் இலவசப் பதிப்பின் எல்லைகள். காட்சியில் புள்ளி புள்ளியாகத் தெரியும் நாய்ஸைக் குறைக்கும் கருவி அதில் இல்லை. மண்டப வெளிச்சத்தில் எடுத்த காட்சிகளுக்கு அது இல்லாமல் சமாளிப்பது கடினம். விண்டோஸ் கணினியில் இன்றைய கேமராக்களின் 10 பிட் எச்.265 கோப்புகளையும் அது எளிதில் கையாளாது. பிளாக்மேஜிக்கின் சில கேமராக்களோடு ஸ்டூடியோ உரிமமும் சேர்ந்தே வருகிறது. கேமரா வாங்கிய நண்பர் அதைப் பயன்படுத்தாமல் வைத்திருக்கிறாரா என்று ஒரு வார்த்தை கேட்டுப் பார்க்கலாம். அறையின் சுவரைச் சாம்பல் நிறமாக்குவது, மானிட்டருக்குப் பின்னால் 6500 கெல்வின் விளக்கு வைப்பது, யுபிஎஸ் வாங்குவது ஆகியவை பெரிய செலவு இல்லை என்றாலும் கட்டாயம் செய்ய வேண்டியவை. டால்பி விஷன் போன்ற எச்டிஆர் (கூடுதல் பிரகாச வீச்சு கொண்ட) வேலைக்கு 1000 நிட் வெளிச்சம் தாங்கும் மாஸ்டரிங் மானிட்டர் வேண்டும். தனியாள் அதை வாங்க நினைப்பதைவிட, வேலை வரும்போது ஏதாவது ஒரு ஸ்டூடியோவில் நாள் வாடகைக்கு எடுப்பதே அறிவுடைமை.

மூன்றாவது, திருத்தங்கள். நீங்கள் அனுப்பிய வீடியோவை வாடிக்கையாளர் வாட்ஸ்அப்பில் வாங்கி, வெயிலில் நின்று, ஃபோனின் பிரகாசத்தைக் குறைத்து வைத்துப் பார்த்துவிட்டு, "என்ன தம்பி, ரொம்ப டார்க்கா இருக்கே" என்பார். இன்னொருவர் அதே கோப்பை மேக் கணினியில் குயிக்டைமில் திறந்து, வெளுத்துப்போயிருக்கிறது என்பார். இருவரும் சொல்வது அவரவர் திரையில் உண்மைதான். எந்தக் கருவியில், எந்தச் செயலியில் பார்க்க வேண்டும் என்று கோப்போடு சேர்த்தே இரண்டு வரி எழுதி அனுப்பினால் பாதிச் சண்டை குறையும். முக்கியமான வேலையென்றால் அவரை நேரில் அழைத்து உங்கள் திரையின் முன் உட்கார வைத்துவிடுங்கள்.

விலை பேசும்போது நிமிடக் கணக்கில் பேசாமல் ஷாட் கணக்கில் பேசுவது நல்லது. மூன்று நிமிடப் பாடலில் 90 ஷாட் இருப்பதாக வைத்துக்கொள்வோம். ஒரு ஷாட்டுக்கு ஐந்து நிமிடம் என்றாலும் ஏழரை மணி நேரம் ஆகிறது. கான்ஃபார்ம், ரெண்டர், இரண்டு சுற்றுத் திருத்தம் எல்லாம் சேர்த்தால் முழுதாக இரண்டு நாள் போய்விடும். மூன்று நிமிடம்தானே என்று ஒரு நாள் கூலிக்கு ஒப்புக்கொள்பவர் இரண்டாம் நாளை இலவசமாகக் கொடுக்கிறார். இரண்டு சுற்றுத் திருத்தம் கட்டணத்தில் அடங்கும், அதற்குமேல் தனிக் கட்டணம், பாதித் தொகை முன்பணம், வாட்டர்மார்க் இல்லாத கோப்பு முழுப்பணம் வந்த பிறகு என்று எழுதி வைத்துக்கொள்வதில் வெட்கப்பட ஏதுமில்லை. நிறுவனங்கள் டிடிஎஸ் பிடித்துக்கொண்டுதான் பணம் தரும் என்பதால் வருமான வரிக் கணக்கைத் தவறாமல் தாக்கல் செய்ய வேண்டும். ஆண்டு வரவு 20 லட்சத்தைத் தாண்டும்போது ஜிஎஸ்டி பதிவும் கட்டாயமாகும்.

## யாருக்கு எது?

சிறு நகரத்தில் திருமண எடிட்டராக இருப்பவர் ஊரைவிட்டுக் கிளம்ப வேண்டியதில்லை. முதல் வழியே போதும். அடுத்த சீசனில் வரும் பணத்தில் முதலில் மானிட்டரும் புரோபும் வாங்கட்டும். கிராஃபிக்ஸ் கார்டு பிறகு. பக்கத்து ஊர்களின் வீடியோகிராஃபர்களுக்கு கிரேடிங் மட்டும் செய்துதருகிற ஆளாகத் தன்னை அறிமுகப்படுத்திக்கொண்டால் போட்டியாளர்களே வாடிக்கையாளர்களாவார்கள்.

விஸ்காம் முடித்த இருபத்திரண்டு வயதுக்காரர், வீட்டில் உடனடி நெருக்கடி இல்லையென்றால், மூன்று மாதம் வீட்டிலேயே அடிப்படையைக் கற்றுவிட்டு நேராக ஸ்டூடியோக்களின் கதவைத் தட்டட்டும். போகும்போது ஷோரீலைவிட, ஒரு குறும்படத்தைத் தானாகவே கான்ஃபார்ம் செய்து முடித்த அனுபவத்தைச் சொன்னால் மதிப்பு அதிகம்; அங்கே உடனடியாகத் தேவைப்படும் ஆள் அவர்தான். இடையில் ஒரு வகுப்புக்குப் பணம் கட்டுவது அவருக்குத் தேவையற்றது.

ஐடி வேலையில் இருப்பவரின் நிலை வேறு. மாதச் சம்பளம் அவருக்குச் சுமை இல்லை. கருவிகளுக்கான முதலீடு அது. மாலையிலும் வார இறுதியிலும் கற்று, நேரம்தான் குறை என்பதால் திருத்திச் சொல்லும் ஆசிரியர் உள்ள வகுப்பு ஒன்றில் சேர்ந்து, குறும்படங்களில் தொடங்கலாம். முதல் வேலை நட்புக்காகக் கிடைத்துவிடும். ஒளிப்பதிவாளர்கள் இருவராவது, தேடாமலேயே, பேசிய பணத்தோடு இரண்டாவது முறையும் அவரிடமே வேலையைக் கொண்டுவந்த பிறகு ராஜினாமாக் கடிதத்தைப் பற்றி யோசிக்கட்டும்.